வில்ஃப்ரெட் ஹேவொர்த் குழாய் பேண்ட் போட்ட வெள்ளிக்கிழமை

லங்காஷயர் சீமையிலேயே முதன்முதலாகக் குழாய் பேண்ட் போட்டுக்கொண்டு ஜெபக்கூடத்துக் கொடியின் கீழ் நடந்தவன் தலையில் எண்ணெய் வழிய வாரிய விடலைப் பையன் எவனும் இல்லை. நடந்தவர் ஐம்பது தாண்டிய வில்ஃப்ரெட் ஹேவொர்த். சீயோன் ஜெபக்கூடத்தின் மூப்பர். ஆக்கர்ஷா ஊர்ப் பேண்டு வாத்தியக் குழுவில், ஆட்டுக்குட்டி உள்ளே விழுந்தால் கயிறு கட்டி ஆளை இறக்க வேண்டிய அளவுக்குப் பெரிய பித்தளைப் பேஸ் குழலை ஊதியவர். அவர் அந்தக் கோலத்தில் நடந்தபோது போலீஸ்காரரின் குதிரை அழுதது. பக்கத்து ஊரில் பால் தானாகத் தயிரானது.

அவருடைய மகன் டெரிக் மதுக்கடையில் உட்கார்ந்து இப்படிச் சொல்லும்போதெல்லாம் கேட்கிறவர்கள் சிரிப்பார்கள். தயிரை விட்டுவிட்டு மீதியைப் பாதி நம்புவார்கள். ஒரே ஒரு ஜீவன் மட்டும் முழுசாக மறுக்கும். அது பக்கத்து வீட்டு பெர்தா பில்லிங்.

"அப்படி ஒண்ணும் நடக்கல. வில்ஃப்ரெட் எப்பவும் போடுற பேண்ட்டுதான் போட்டிருந்தான். வெயில்ல உங்களுக்குக் கண்ணு கூசியிருக்கும்" என்பாள்.

அன்றைக்குக் காலையிலிருந்து மழை என்று யாராவது எடுத்துச் சொன்னால், "அந்த மழையில உங்களுக்கு எப்படித் தெரிஞ்சுது?" என்று கேட்பாள். அதற்குமேல் அவளிடம் பேச முடியாது. தறிக்கூடத்தில் ஆயுள் முழுக்க நின்றவளோடு வாதாடி ஜெயித்தவன் அந்த ஊரில் பிறக்கவில்லை.

விஷயம் தொடங்கியபோது டெரிக்குக்குப் பதினாறு வயது. போர் முடிந்து பத்து வருஷம் ஆகியிருந்தது. சர்க்கரைக்கு இனி ரேஷன் கூப்பன் இல்லை, இறைச்சிக்குக் கூப்பன் இல்லை, துணிக்கும் இல்லை. துணி தாராளமாகக் கிடைக்கத் தொடங்கியதும் பெரியவர்கள் செய்த முதல் காரியம் கால்சட்டையை அகலமாக்கியது. பையன்கள் செய்த முதல் காரியம் அதைக் குறுக்கியது. நாட்டில் அந்த வருஷம் நடந்த சண்டைகளில் பாதிக்குக் காரணம் கணுக்கால்தான்.

ஆக்கர்ஷாவில் அந்தச் சண்டையின் தளபதி பேண்டு மாஸ்டர் ஜோசையா ஆர்மராட். மீசையின் இரு நுனிகளையும் பார்த்தால் கடிகாரம் ஒன்பதே காலைக் காட்டுவது போலிருக்கும். பெந்தெகொஸ்தே வாரத்து வெள்ளிக்கிழமை ஊர்வலத்துக்கு முன்பு அவர் குழுவைக் கூட்டி வைத்து, பேண்டு வாத்தியத்துக்கும் பேண்ட்டுக்கும் ஒரு மரியாதை உண்டு என்றும், குழாய் பேண்ட் போட்ட எந்தக் காலும் சீயோன் கொடியின் நிழலைத் தாண்டாது என்றும் சொல்லிவிட்டார். சொல்லும்போது டெரிக்கையே பார்த்தார். டெரிக்கின் தலைமுடி அப்போதே சந்தேகத்துக்கு இடமாக இருந்தது.

டெரிக்குக்கு அந்த வெள்ளிக்கிழமை உயிர். அவன் கார்னெட் என்ற குட்டிப் பித்தளை எக்காளம் ஊதுகிறவன். ஊர்வலம் முடிந்து நடக்கும் போட்டியில், மொத்தக் குழுவும் அடங்கி நிற்க ஒற்றைக் கார்னெட் மட்டும் தனியாக எழுந்து பாடும் ஓர் இடம் உண்டு. அந்த இடத்தை இந்த முறை அவனுக்குக் கொடுத்திருந்தார்கள். குளிர்காலம் முழுக்க நிலக்கரிக் கொட்டகையில் நின்று, விரல் விறைக்க விறைக்கப் பழகியிருந்தான். அவன் தவறினால் அது ஆர்மராட்டின் அக்காள் மகனுக்குப் போய்விடும். அந்தப் பையன் ஊதினால் வாத்தின் வாலை யாரோ மிதித்தது போலிருக்கும்.

இதெல்லாம் தெரிந்தும் டெரிக் கத்தரிக்கோலைத் தொட்டதற்குக் காரணம், முந்தின சனிக்கிழமை கூட்டுறவு மண்டபத்தில் நடக்கவிருந்த நடனமும், மாரீன் என்ற பெண்ணும்தான். அவனிடம் இருந்ததே ஒரே ஒரு நல்ல கறுப்புக் கால்சட்டை. ஞாயிறு ஆராதனைக்கும் அதுதான், ஊர்வலத்துக்கும் அதுதான். அதன் ஒரு காலுக்குள் மாரீனையும் அவள் தங்கையையும் குடிவைக்கலாம். திட்டம் எளிது: சனிக்கிழமைக்கு மட்டும் உள்பக்கமாக ஒட்டுத்தையல் போட்டுக் குறுக்குவது, ஞாயிறன்று தையலைப் பிரித்துவிடுவது.

அம்மா நெல்லி ஜெபக்கூடத்தில் பெஞ்சு துடைக்கப் போயிருந்த நேரம் பார்த்து அவளுடைய தையல் மிஷினில் உட்கார்ந்தான். தைத்துப் போட்டுப் பார்த்தால், உள்ளே மடிந்து கிடந்த துணி இரண்டு கால்களிலும் பன்றி சாஸேஜ் கட்டி வைத்தது போலப் புடைத்தது. புடைப்பு போக வேண்டுமென்று மடிப்பை வெட்டினான். வெட்டின பிறகுதான், பிரிக்க இனித் தையல் இருக்கிறதே தவிர துணி இல்லை என்று புரிந்தது.

நடனத்தில் வெற்றி அமோகம். அந்தக் கால்சட்டையில் உட்கார முடியாது. ஆகவே டெரிக் ஒரு ஆட்டத்தையும் விடவில்லை. களைத்த பையன்கள் எல்லாரும் நாற்காலி தேடியபோது அவன் மட்டும் மாரீனோடு ஆடிக்கொண்டே இருந்தான். ஹேவொர்த் வீட்டுப் பையனுக்குச் சோர்வே கிடையாது என்று ஊரில் பேச்சாயிற்று. வீட்டுக்கு வந்து அதைக் கழற்ற முடியாமல், கட்டிலின் கால் கட்டையில் பாதத்தை மாட்டி இழுத்தது ஊருக்குத் தெரியாது.

இனி அகலமாக்க வேண்டும். மாடிப்படிக்குக் கீழே போர்க்காலத்து இருட்டடைப்புத் திரை சுருட்டிக் கிடந்தது. ஜெர்மன் விமானத்துக்கே தெரியாத கறுப்பு, ஆர்மராட்டுக்கா தெரியப்போகிறது என்று அதில் இரண்டு பட்டை கிழித்து இரு பக்கமும் வைத்துத் தைத்தான். வெளிச்சத்தில் பிடித்தால் கால்சட்டை கறுப்பாகவும் பட்டை கத்தரிப்பூ நிறமாகவும் இருந்தது. ராஜா வீட்டு வாயில்காப்போன் கெட்டான்.

நிறம் ஒன்றாகட்டும் என்று, திங்கட்கிழமை நெல்லி துணி வெளுத்து முடித்த செப்பு அண்டாவில், நீர் இன்னும் கொதித்துக்கொண்டிருக்கும்போதே அதைப் போட்டான். நிறம் ஒன்றாகவில்லை. பட்டையின் சாயம் நெல்லியின் மேசைவிரிப்புக்குப் போய் அது லங்காஷயர் வானத்தின் நிறத்துக்கு வந்தது. ஆக்கர்ஷாவில் எல்லாமே அந்த நிறம் என்பதால் யாரும் கேட்கவில்லை. கால்சட்டையோ கம்பளித் துணி. கொதிநீரில் கம்பளியைப் போட்டால் என்ன ஆகும் என்று டெரிக்குக்கு அன்றைக்குத் தெரிந்தது. வெளியே எடுத்தபோது அது சுருங்கி, இறுகி, முன்னைவிடக் குட்டையாகவும் ஒல்லியாகவும் இருந்தது. பட்டைகளைப் பிய்த்து எறிந்த பிறகு நிமிர்த்தி வைத்தான். நின்றது.

அப்பாவின் கால்சட்டையைக் கடன் வாங்கவும் வழியில்லை. வில்ஃப்ரெட் உருவத்தில் ஒரு பீப்பாய். அவருடைய இடுப்புக்குள் டெரிக் தன் கார்னெட்டோடு சேர்ந்து நுழைந்தாலும் இடம் மிஞ்சும். அவரிடம் சொல்லவும் வழியில்லை. அவர் பேசுகிறவர் இல்லை. காலையில் ஒரு "ம்", மாலையில் ஒரு "ம்". விருந்தாளி வந்தால் "ம்ம்". டெரிக் கொட்டகையில் ஊதிப் பழகிய அத்தனை மாசமும் நல்லா இருக்கு என்றோ நிறுத்துடா என்றோ ஒரு வார்த்தை வரவில்லை. நெல்லியிடம் சொல்லலாம். பேருக்கேற்ற நெல்லிதான், முதல் கடியில் துவர்க்கும், பிறகு தண்ணீர் குடித்தால் இனிக்கும். ஆனால் அந்த இனிப்பு வருவதற்குள் வெள்ளிக்கிழமை போய்விடும்.

மிச்சமிருந்தது பெர்தா. ஊசி பிடிப்பதில் அவளை மிஞ்ச ஆளில்லை. ஒரே ஒரு குறை: காதில் விழுந்ததை முட்டை வேகும் நேரத்துக்குக்கூட வாய்க்குள் வைத்திருக்க மாட்டாள். காது என்று சொன்னது மரியாதைக்கு. தறிச் சத்தத்தில் அவள் காது எப்போதோ பழுதாகிவிட்டது. தறிக்கூடத்துப் பெண்கள் எல்லாருமே உதட்டைப் பார்த்துத்தான் பேச்சைப் படிப்பார்கள்; சத்தமே போடாமல், வாயை மாத்திரம் ரப்பர் மாதிரி இழுத்து இழுத்து அசைத்து, ஒரு கூடத்தின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்கு வம்பளப்பார்கள். டெரிக் இயந்திரப் பட்டறைக்கு வேலைக்குப் போகிறவன். அவனுக்கு அந்த வாயசைப்பு அரைகுறை.

புதன்கிழமை கொல்லைச் சுவரோரம் பெர்தாவைப் பிடித்தான். அடுக்களையில் அம்மா இருந்ததால் சத்தம் போட முடியாது. தன் கால்சட்டையையும், அளவுக்காக அப்பாவின் ஒரே ஊர்வலக் கால்சட்டையையும் சுவர்மேல் வைத்தான். இதை அது மாதிரி ஆக்கிக் கொடுங்கள் அத்தை, வெள்ளிக்கிழமை காலைக்குள் வேண்டும், அம்மாவுக்குத் தெரியக் கூடாது என்று வாயை முடிந்த மட்டும் இழுத்து அசைத்தான். பார்க்கிறவர்களுக்கு அவன் சூடான உருளைக்கிழங்கை வாயில் போட்டுக்கொண்டது போலிருந்திருக்கும். பெர்தா அவன் உதட்டையே பார்த்தாள். இரண்டையும் தூக்கிப் பார்த்தாள். சுருங்கினதை விரலால் சுண்டினாள். அது தகரம் போலச் சத்தம் கொடுத்தது. பிறகு தலையை ஆட்டிவிட்டு இரண்டையும் கக்கத்தில் இடுக்கிக்கொண்டாள்.

வெள்ளிக்கிழமை விடிந்தபோது மழை. வாசற்படியில் பழுப்புத் தாளில் பொட்டலம் இருந்தது. டெரிக் அதைக் கூடத்து மேசைமேல் வைத்துப் பிரித்தான்.

இரண்டு குழாய் பேண்ட்.

ஒன்று அவனுடையது, போனபோது எப்படி இருந்ததோ அப்படியே, தேய்த்து மடித்து. மற்றது இடுப்பில் பீப்பாய் நுழையும், காலில் புல்லாங்குழல்தான் நுழையும். தையல் அத்தனை சுத்தம், அத்தனை அழகு. "இதை அது மாதிரி" என்றதை பெர்தா "அதை இது மாதிரி" என்று படித்துவிட்டாள். உருளைக்கிழங்கு வாய் செய்த வேலை.

அப்போதுதான் நெல்லி வந்து பார்த்தாள். அவள் சொன்னதையெல்லாம் எழுதினால் அச்சுக்கூடத்தார் தாள் போதாது என்பார்கள். சாரம் இவ்வளவுதான்: இவனைப் பெற்றதற்குப் பதில் இரண்டு கோழி வளர்த்திருக்கலாம், மூப்பர் வீட்டு மானம் கணுக்காலோடு நின்றுவிட்டது, அப்பா இறங்கி வருகிறார், நீயே சொல்லிக்கொள்.

வில்ஃப்ரெட் இறங்கி வந்தார். மேசைமேல் இருந்ததைப் பார்த்தார். மகனைப் பார்த்தார்.

"அப்பா, அது வந்து... பெர்தா அத்தை நான் சொன்னதைத் தப்பா..."

"ம்" என்றார் அவர். தன்னுடையதை எடுத்துக்கொண்டு மாடிக்குப் போனார். மேலே பலகைத் தரை கொஞ்ச நேரம் அதிர்ந்தது. ஒருமுறை மட்டும் கனமாக ஏதோ விழுந்த சத்தம் கேட்டது. பிறகு அவர் படியில் பக்கவாட்டாக, நண்டு மாதிரி இறங்கி வந்தார். முழங்கால் மடங்கவில்லை. நெல்லி ஏப்ரன் முனையை வாயில் அடைத்துக்கொண்டு அடுக்களைக்குள் ஓடினாள். அழுதாளா சிரித்தாளா என்று கடைசிவரை சொல்லவில்லை.

ஜெபக்கூடத்துப் படிக்கட்டின் எதிரே குழு வரிசை கட்டியது. ஆர்மராட் குடையோடு வரிசையைப் பரிசோதித்துக்கொண்டு வந்தார். அவர் எப்போதும் பூட்ஸிலிருந்து மேலே பார்ப்பவர். டெரிக்கிடம் வந்ததும் குடை நின்றது. மீசை பன்னிரண்டு மணிக்குப் போயிற்று.

"சொன்னேனா இல்லையா? கார்னெட்டை அங்க குடுத்துட்டு வெளியே வா."

டெரிக் வரிசையிலிருந்து வெளியே வந்தான். கார்னெட்டை நீட்டினான். அக்காள் மகன் கையைத் துடைத்துக்கொண்டு முன்னால் வந்தான்.

"அப்ப நானும் வரணுமா ஜோசையா?"

குரல் பின்வரிசையிலிருந்து, பேஸ் குழலின் வாய்க்குப் பின்னாலிருந்து வந்தது. வில்ஃப்ரெட்டின் குரல் இப்படித்தான் இருக்கும் என்று குழுவில் சிலர் அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டார்கள். ஆர்மராட் குனிந்து பார்த்தார். மேலே பித்தளை மலை, நடுவில் பீப்பாய், கீழே இரண்டு புல்லாங்குழல்.

"வில்ஃப்ரெட்... நீயுமா?"

"நானும்தான். ஆகாதுன்னா சொல்லிடு. நானும் என் பையனும் வீட்டுக்குப் போய் டீ போட்டுக் குடிக்கிறோம்."

டெரிக் அப்பாவின் வாயிலிருந்து கேட்ட மிக நீண்ட பேச்சு அதுதான். ஆர்மராட் யோசித்தார். பேஸ் இல்லாத பேண்டு அஸ்திவாரம் இல்லாத வீடு. அந்தக் குழலைத் தூக்கவே ஊரில் வேறு ஆளில்லை. ஊதுவதற்கு எங்கே போவது? போட்டிக்கு மாஸ்கிராஃப்ட் ஊர்க்காரர்கள் ஏற்கெனவே வந்து இறங்கியிருந்தார்கள். அவர் பார்வை எதிரே தெரிந்த போட்டி மைதானத்தின் ஓரத்தில் நின்ற வண்டி வீட்டுக்குப் போயிற்று. நடுவர் அதற்குள்தான் உட்கார்ந்திருப்பார். எந்த ஊர் ஊதுகிறது என்று தெரியக் கூடாது என்பதற்காக ஜன்னலுக்கெல்லாம் திரை போட்டு மூடிவிடுவார்கள்.

"அந்த ஆளுக்குக் காது மட்டும்தான்" என்று ஆர்மராட் தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். "பையன்கிட்ட அதைக் குடு. நடங்க."

அதன்பிறகு நடந்ததை டெரிக் சொல்லக் கேட்க வேண்டும். முழங்கால் மடங்காததால் வில்ஃப்ரெட் சாவி கொடுத்த பொம்மை மாதிரி ஒரே அளவாக, ஒரே சீராக அடி வைத்தார். அவர் அடிக்கு பேஸ், பேஸுக்கு முரசு, முரசுக்கு மற்ற எல்லாரும். ஆக்கர்ஷா குழு சரித்திரத்திலேயே முதல்முறையாக அத்தனை பேரும் ஒரே பாட்டை ஒரே நேரத்தில் ஊதினார்கள். காலில் இடமில்லாததால் மூச்செல்லாம் மேலே ஏறி, பேஸ் குழலின் முழக்கத்தில் மாஸ்கிராஃப்ட் முரசுக்காரரின் தொப்பி கழன்றது. பிறகு எல்லாம் அடங்கி, ஒற்றைக் கார்னெட் எழுந்தது. மழை ஓய்ந்ததா, டெரிக்குக்கு அப்படித் தோன்றியதா என்பது தெரியாது. போலீஸ்காரரின் குதிரை கண்ணைத் துடைத்துக்கொண்டது மட்டும் உண்மை. எதைக்கொண்டு துடைத்தது என்று கேட்கக் கூடாது.

கோப்பை ஆக்கர்ஷாவுக்கு வந்தது. அதைத் தூக்கிக்கொண்டு நின்ற ஆர்மராட், கால்சட்டை விஷயத்தில் வேதத்தில் தெளிவாக ஒன்றும் சொல்லப்படவில்லை என்று பிரசங்கியாரிடம் விளக்கிக்கொண்டிருந்தார். வீட்டுக்குத் திரும்பும் வழியில் டெரிக் மறுபடியும் மன்னிப்புக் கேட்க வாயெடுத்தான்.

"கணுக்கால்ல காத்து நல்லா போகுது" என்றார் வில்ஃப்ரெட். அவ்வளவுதான்.

ஊர் அந்தக் கதையை விடவில்லை. பெர்தா பில்லிங் ஆயுளில் ஒருமுறை உதட்டைத் தப்பாகப் படித்தாள், அதில் ஒரு மூப்பர் குழாய்க்குள் போனார் என்று தறிக்கூடமே சிரித்தது. யாருடைய வம்பையும் வட்டியோடு திருப்பிக் கொடுக்கிற பெர்தா, இதற்கு மட்டும் ஒரே பதில்தான் வைத்திருந்தாள்: அப்படி ஒண்ணும் நடக்கல. டெரிக் மாரீனையே கல்யாணம் செய்து, அவனுக்கும் அப்பாவைப் போல வயிறு விழுந்து, அவன் மகன் யானைக்கால் அகலத்துக்குப் பேண்ட் கேட்டு வீட்டில் சண்டை போட்டபோதும் அவள் பதில் மாறவில்லை.

வில்ஃப்ரெட் நல்ல வயதில், நாற்காலியில் உட்கார்ந்தபடியே, ஒரு "ம்" சொல்லிவிட்டுப் போனார். அந்த ஊரில் ஒருவர் கௌரவமாகப் போனாரா என்பதை அடக்கத்துக்குப் பிறகு பரிமாறும் பன்றித் தொடைக்கறியின் கனத்தை வைத்துத்தான் சொல்வார்கள். நெல்லி கனமாகவே வெட்டச் சொல்லியிருந்தாள். ஜெபக்கூடத்துப் பின்னறையில் டீயும் கறியுமாக எல்லாரும் உட்கார்ந்திருந்தபோது, டெரிக் எழுந்து அந்தப் பெருமையை இன்னொரு முறை அடித்தான்: லங்காஷயர் சீமையிலேயே முதன்முதலாக, குதிரை, தயிர், எல்லாம். சொல்லி முடித்ததும் அறை முழுக்க பெர்தாவைத் திரும்பிப் பார்த்தது. அவள் மறுக்காவிட்டால் கதைக்கு முடிவு ஏது?

பெர்தா தட்டைக் கீழே வைத்தாள். கைக்குட்டையால் வாயைத் துடைத்தாள்.

"நடந்துச்சு" என்றாள்.

யாரோ கரண்டியைக் கீழே போட்டார்கள். டெரிக்குக்கு ஜெயித்த சந்தோஷம் தாங்கவில்லை.

"கடைசியில ஒத்துக்கிட்டீங்களே அத்தை. அப்ப அன்னைக்கு என் வாயைத் தப்பாப் படிச்சீங்கங்கிறதும் நிஜம்தானே?"

"உன் வாயை எழுத்துக்கு எழுத்து சரியாத்தான் படிச்சேன் ராசா. தெரு முழுக்க வாயைப் படிக்கிற ஊர்ல சத்தமில்லாம பேசினா யாருக்கும் தெரியாதுன்னு நினைச்சவன் நீ ஒருத்தன்தான். நீ உள்ளே போனதும், கதவிடுக்கு வழியா உன் வாயைப் படிச்சுட்டு கொல்லைக் கழிப்பறைக்குள்ளேருந்து உங்கப்பன் வந்தான். கொதிச்ச கம்பளி இனிமே விரியாது வில்ஃப்ரெட்டுன்னு சொன்னேன். அந்தப் பேண்ட்டை ஒருதடவை சுண்டிப் பார்த்தான். அப்புறம், நான் இருக்கிற வரைக்கும் எவன்கிட்டயும் மூச்சு விடாதேன்னு சத்தியம் வாங்கிக்கிட்டு, வாயை மட்டும் அசைச்சான்: 'அவனோடதை விரிக்க முடியலைன்னா என்னோடதைக் குறுக்கிடு பெர்தா.'"